தரவையில் மறுத்தீர்கள், சவாரி தார் றோட்டுக்கு வந்தது

வன்னியில் மாட்டு வண்டில் சவாரிக்கு, அதாவது மாட்டு வண்டில் ஓட்டப் போட்டிக்கு, அனுமதி தரவும் மறுக்கவும் அதிகாரம் உள்ள மாவட்டச் செயலர்கள், பிரதேச செயலர்கள், பிரதேச சபைத் தவிசாளர்கள், பொலிஸ் பொறுப்பதிகாரிகள், கால்நடை வைத்தியர்கள் எல்லோருக்கும்,

இந்தத் தை மாதம், பட்டிப்பொங்கல் கழிந்து வந்த முதல் ஞாயிறு, விடிய ஐந்தரை மணிக்கு எங்கள் வீட்டுச் சவாரி மாடு சிவலை தார் றோட்டில் முழங்கால் குத்தி விழுந்தது. வந்த வேகத்தில் வண்டில் அதன் மேல் ஏறியது. ஏர்க்கால் ஒடிந்தது. ஓட்டிக்கொண்டு வந்த என் மைத்துனர் மதகுக் கட்டில் போய் விழுந்தார். எதிரே ரியூசனுக்குச் சைக்கிளில் வந்த பெடியன் பத்தாம் வகுப்புப் படிக்கிறவன். அவன் விலகிப் போக ஒரு பக்கம் வாய்க்கால், மற்றப் பக்கம் சவாரிக்குப் பின்னால் ஹோர்ன் அடித்துக்கொண்டு வந்த மோட்டார் சைக்கிள்கள். வலது கை இரண்டு இடத்தில் முறிந்தது. ஒன்றரை மாதம் அவன் இடது கையால் எழுதினான்.

அந்த ஓட்டம் அந்த றோட்டில் நடந்திருக்கவே கூடாது. அது நடக்க வேண்டிய இடம் அங்கிருந்து இரண்டு கிலோமீற்றர் தள்ளி, ஊர்த் தரவையில், மாடு மேய்கிற புல்வெளியில். இரண்டு மாதத்துக்கு முன்பே விண்ணப்பம் கொடுத்து, பற்றை வெட்டி, குழி நிரவி, கம்பி கட்டி வைத்திருந்த இடம். ஓட்டத்துக்கு இரண்டு நாள் இருக்கும்போது ஒரே ஒரு தொலைபேசி அழைப்பில் "அனுமதி இல்லை" என்று சொல்லப்பட்டது. காரணம், பொதுமக்கள் பாதுகாப்பு.

அந்தக் காரணத்தைப் பற்றித்தான் உங்களோடு பேச வேண்டும்.

நான் சவாரி ஓட்டுகிறவள் இல்லை. சவாரி மாடு வளர்க்கிற வீட்டில் இருபத்தெட்டு வருடமாக மாட்டுக்குத் தண்ணீர் வைக்கிறவள். எள்ளுப் புண்ணாக்கை எவ்வளவு ஊறவைக்க வேண்டும், உழுந்துக் கஞ்சியை எந்தச் சூட்டில் வைத்தால் மாடு குடிக்கும், ஓடிவிட்டு வந்த மாட்டுக்கு ஏன் உடனே தண்ணீர் காட்டக்கூடாது என்பதெல்லாம் எனக்குத் தெரியும். 2022 மார்கழியில் புயலோடு வந்த குளிரில் வடக்கிலும் கிழக்கிலும் நூற்றுக்கணக்கில் மாடுகள் விறைத்துச் செத்தபோது, மூன்று இரவு கொட்டிலில் நெருப்பு மூட்டி, இந்தச் சிவலைக்கும் அதன் சோடி மயிலைக்கும் சாக்குப் போர்த்திவிட்டு, அதுகளின் மூச்சுச் சூட்டில் நானும் குந்தியிருந்தேன். ஆகவே மாட்டின் நலனைப் பற்றியோ ஆட்களின் உயிரைப் பற்றியோ எனக்கு அக்கறை இல்லை என்று யாரும் நினைக்க வேண்டாம்.

முதலில் எங்கள் பிழையைச் சொல்லிவிடுகிறேன். அன்று றோட்டில் வண்டிலைப் பூட்டியது எங்கள் ஆட்களின் பிழை. வழக்கு வந்தது, குற்றத்தை ஒப்புக்கொண்டார்கள், தண்டமும் கட்டினார்கள். அந்தப் பெடியனின் வைத்தியச் செலவை ஏற்றுக்கொண்டோம். அவனுடைய தாயின் முகத்தைப் பார்க்க இன்றைக்கும் எனக்கு ஏலாது. அந்தப் பழியை உங்கள் தலையில் கட்ட இதை எழுதவில்லை. ஆனால் அந்த விடியற்காலைக்கு முந்திய இரண்டு மாதமும் என்ன நடந்தது என்று நீங்கள் அறிய வேண்டும். எந்தப் பிரதேசம், எந்த அலுவலகம் என்று எழுதமாட்டேன். ஒரு அதிகாரியை மாட்டிவிடுவது என் நோக்கமில்லை. வன்னியில் எந்தப் பகுதியிலும் சவாரிக்காரரைக் கேட்டுப் பாருங்கள், இதே கதைதான் வரும்.

கார்த்திகை இரண்டாம் கிழமை விண்ணப்பம் எழுதிக் கொடுத்தோம். முதலில் போன இடத்தில், தரவை அரச காணி, தங்களுக்கு அதிகாரமில்லை, அடுத்த அலுவலகத்துக்குப் போங்கள் என்றார்கள். அங்கே, பொலிஸின் கடிதம் வேண்டும் என்றார்கள். பொலிஸில், ஒலிபெருக்கிக்கு அனுமதி தரலாம், ஓட்டத்துக்கு வேறு இடத்துக் கடிதம் வேண்டும், மாட்டு வைத்தியரிடமும் ஒன்று வாங்கி வாருங்கள் என்றார்கள். வைத்தியர் நல்ல மனுசர். மாடுகள் நோயில்லாமல் இருக்கின்றன என்று தன்னால் சான்று தரமுடியும், ஓட்டத்தை அனுமதிக்கிற அதிகாரம் தனக்கு இல்லை என்று நேராகச் சொன்னார். அப்புறம் பொதுச் சுகாதாரப் பரிசோதகர், பிறகு திரும்ப முதல் அலுவலகம். என் கணவர் கொப்பியில் குறித்து வைத்திருக்கிறார்: பதினொரு தடவை போய்வந்திருக்கிறார். எல்லாம் வயல் வேலை நாட்கள். ஒரு இடத்திலும் "முடியாது" என்று சொல்லவில்லை. ஒரு இடத்திலும் "முடியும்" என்று எழுதித் தரவுமில்லை.

வெள்ளிக்கிழமை பின்னேரம் அந்த அழைப்பு வந்தது. எந்தச் சட்டத்தின் கீழ் மறுக்கிறீர்கள், நாங்கள் எந்த நிபந்தனையை நிறைவேற்றவில்லை, எதைச் செய்தால் தருவீர்கள் என்று கேட்டதற்குப் பதில் இல்லை. எழுத்தில் தாருங்கள் என்றோம். இன்றுவரை வரவில்லை.

அந்த நேரம் யாழ்ப்பாணத்திலிருந்தும் மன்னார்ப் பக்கமிருந்தும் சோடிகள் லொறி ஏறிவிட்டன. மல்லாவிச் சோடி ஒன்று முதல் நாளே வந்து எங்கள் வேலியோரம் வைக்கோல் தின்றுகொண்டு நிற்கிறது. பெரியவர்கள் கூடி, சரி, நிற்பாட்டுவோம், வந்தவர்களுக்குச் சோறு கொடுத்து அனுப்புவோம் என்று முடிவெடுத்தார்கள். சனிக்கிழமை இரவு பெடியங்கள் போனில் வேறு முடிவெடுத்தார்கள். விடியப்புறம், வாய்க்கால் றோட்டு, ஆளுக்கு இவ்வளவு பந்தயம். என் மைத்துனர் பெடியனும் இல்லை, முப்பத்தாறு வயது. வந்த சோடியை ஓடாமல் அனுப்புகிற அவமானம் அவரையும் இழுத்துக்கொண்டு போய்விட்டது.

ஐயாமாரே, அம்மாமாரே, நீங்கள் அந்தத் தொலைபேசியில் பாதுகாத்த பொதுமக்கள் யார்?

தரவை என்றால் என்ன, தார் றோட்டு என்றால் என்ன என்று மாட்டின் காலிலிருந்து சொல்கிறேன். தரவையில் மண் இளகியது. குளம்பு பதிந்து பிடிக்கும். மாடு இடறினாலும் மண்ணில்தான் விழும். தார் றோட்டில் பனி விழுந்திருந்தால் லாடன் அடித்த கால் எண்ணெயில் வைத்த மாதிரி வழுக்கும். சிவலையின் இரண்டு முழங்காலிலும் தோல் முழுதாக உரிந்து, வெள்ளையாகச் சவ்வு தெரிந்தது. சதைக்குள்ளே தார்க் கல்லு. வைத்தியர் வந்து ஊசி போட்ட பிறகு, ஒவ்வொரு கல்லாக நான்தான் எடுத்தேன், பஞ்சும் உப்புத் தண்ணீரும் வைத்துக்கொண்டு. அது உதைக்கவில்லை. தலையை என் தோளில் சாய்த்து வைத்துக்கொண்டு நின்றது. இப்போது புண் ஆறிவிட்டது. ஆனால் இனி அது சவாரிக்கு இல்லை.

தரவையில் நாங்கள் ஓடுகிறபோது ஒரு ஒழுங்கு இருந்தது. சோடிகளைத் தரம் பிரித்துத்தான் விடுவோம், வயதும் உயரமும் பார்த்து. இளம் நாம்பனை முற்றின மாட்டோடு விடமாட்டோம். குடித்துவிட்டு வருகிறவனை வண்டிலில் ஏற்றமாட்டோம், இறக்கிவிடுகிற தைரியம் உள்ள கிழவர்கள் தொடக்கக் கோட்டில் நிற்பார்கள். றோட்டில் அந்தக் கிழவர்கள் இல்லை. அங்கே தடியின் நுனியில் ஆணி இருந்ததா, மாட்டுக்குச் சாராயம் பருக்கினார்களா என்று பார்க்க ஆளில்லை. றோட்டுச் சவாரியில் ஓடிய ஒரு சோடியின் பின் தொடையில் சின்னச் சின்னப் பொட்டாக இரத்தம் உறைந்திருந்ததை நான் என் கண்ணால் பார்த்தேன். அது துவரந்தடி அடித்த தழும்பு இல்லை.

இதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். ஆணித் தடியும் சாராயமும் றோட்டில் மட்டும் இருக்கிற விசயம் இல்லை. தரவையிலும் கண்டிருக்கிறேன். வாலைக் கடிக்கிறவர்களையும் கண்டிருக்கிறேன். என் மாமனார் இருந்த காலத்தில் எங்கள் வீட்டு வண்டிலில் தடி ஏறினால் தடியின் நுனியை முதலில் அவர் தன் உள்ளங்கையில் குத்திப் பார்ப்பார். எல்லா வீட்டிலும் அப்படி ஒரு மாமனார் இருப்பார் என்று நம்பி விட்டுவிட முடியாது. அதனால்தான் சட்டம் வேண்டும் என்கிறேன். சவாரிக்காரர் சிலருக்கு இந்தப் பேச்சுப் பிடிக்காது. பாரம்பரியம் என்று சொன்னால் எதுவும் கேட்கக்கூடாது என்று நினைக்கிறார்கள். கொட்டிலில் மாட்டைக் கும்பிட்டுப் பொங்கி, அடுத்த கிழமை அதே மாட்டுக்கு ஆணி ஏற்றுவது எந்த ஊர்ப் பாரம்பரியம் என்று அவர்களிடமும் கேட்கிறேன்.

சட்டம் என்று எதுவும் இல்லாத நாடு இல்லை இது. விலங்குகளுக்கு எதிரான கொடுமையைத் தடுக்கும் 1907ஆம் ஆண்டின் 13ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் இருக்கிறது. மாட்டை வதைத்தால் குற்றம். ஆனால் தண்டம் நூறு ரூபா வரை என்று அன்றைக்கு எழுதினார்கள். வெள்ளைக்காரன் காலத்து நூறு ரூபா. இன்றைக்கு அதற்கு ஒரு கிலோ புண்ணாக்கு வராது. 2006ல் சட்ட ஆணைக்குழு விலங்கு நலனுக்கென்று புதிய சட்ட வரைவு ஒன்றைத் தயாரித்தது. அது வருடக்கணக்காகப் பாராளுமன்றத்துக்கும் மேசைக்கும் நடுவில் கிடந்தது. மாட்டை ஒரு மாவட்டத்திலிருந்து மற்ற மாவட்டத்துக்கு ஏற்ற அனுமதிப்பத்திரம் வேண்டும், சுகாதாரச் சான்று வேண்டும், அதெல்லாம் சரியாகக் கேட்கிறீர்கள், நாங்களும் எடுக்கிறோம். ஆயிரம் பேர் கூடி நிற்கிற வெளியில் இரண்டு வண்டில் பறக்கும்போது வேலி எவ்வளவு தூரத்தில் இருக்க வேண்டும் என்று கேட்கத்தான் யாரிடமும் ஒரு தாள் இல்லை.

கடலுக்கு அந்தப் பக்கம் இது எப்படிப் போனது என்று உங்களுக்குத் தெரியும். 2014 மே 7ஆம் திகதி இந்திய உச்ச நீதிமன்றம் சல்லிக்கட்டைத் தடை செய்தது. 2017 தையில் மெரினாக் கடற்கரை நிரம்பியது. நல்லூரடியில் எங்கள் பிள்ளைகளும் பதாகை பிடித்துக்கொண்டு நின்றார்கள். அதே மாதம் தமிழ்நாட்டுச் சட்டசபை மிருகவதைத் தடுப்புச் சட்டத்தைத் திருத்தியது. 2023 மே 18ல் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு அந்தத் திருத்தம் செல்லும் என்று தீர்ப்புச் சொன்னது. கர்நாடகத்துக் கம்பளா எருமை ஓட்டத்துக்கும் மகாராஷ்டிரத்து மாட்டு வண்டிப் பந்தயத்துக்கும் சேர்த்தே அந்தத் தீர்ப்பு.

எங்கள் ஊரில் பலர் அந்தக் கதையில் "தடை நீங்கியது" என்ற பாதியை மட்டும் ஞாபகம் வைத்திருக்கிறார்கள். மற்றப் பாதி எனக்கு முக்கியம். அங்கே இப்போது மாவட்டக் கலெக்டரின் அனுமதி இல்லாமல் வாடிவாசல் திறக்காது. மாட்டைக் கால்நடை மருத்துவர் பரிசோதிக்க வேண்டும். இரட்டைத் தடுப்புவேலி கட்ட வேண்டும். பார்வையாளர் மேடை உறுதியானது என்று பொதுப்பணித் துறை சான்று தரவேண்டும். மருத்துவக் குழு நிற்க வேண்டும். அப்படியிருந்தும் அங்கே வருடா வருடம் ஆட்கள் சாகிறார்கள். விதி வந்தால் ஒருவருக்கும் ஒன்றும் நடக்காது என்று நான் சொல்லவரவில்லை. ஆனால் நடந்தால், யார் அனுமதி கொடுத்தார், எந்த வேலி சரியில்லை, யார் பொறுப்பு என்று கேட்க ஒரு தாள் அங்கே இருக்கிறது. எங்கள் வாய்க்கால் றோட்டில் கை முறிந்த பெடியனின் தாய் யாரிடம் போய்க் கேட்பா?

எங்கள் சவாரியும் அவர்களுடைய சல்லிக்கட்டும் ஒன்றில்லை என்பதையும் நீங்கள் கவனிக்க வேண்டும். இங்கே யாரும் மாட்டின் மேல் பாய்வதில்லை. ஆபத்து இருக்கிற இடங்கள் வேறு. என் அனுபவத்தில் அவை மூன்று நான்குதான், எல்லாமே முன்கூட்டித் தெரிந்தவை. தொடக்கத்தில், பூட்டின மாடு கூச்சலுக்கு மிரண்டு பக்கவாட்டில் பாயும். ஓட்டத்தின் நடுவில், இரண்டு சோடி நெருங்கினால் சில்லும் சில்லும் கொழுவும். எல்லாவற்றையும் விட மோசமான இடம் எல்லைக் கோட்டுக்கு அப்பால். வெற்றிக் கோட்டைத் தாண்டின உடனே மாடு நின்றுவிடாது, அதற்கு இன்னும் ஓடி அடங்க இடம் வேண்டும். ஆனால் சனம் எங்கே நிற்கும்? சரியாக அங்கேதான். வென்ற சோடியைப் பிடிக்க, வீடியோ எடுக்க, பிள்ளையைத் தோளில் தூக்கி வைத்துக்கொண்டு உள்ளே ஓடிவரும். நான் பார்த்த விபத்துகளில் பெரும்பாலானவை அந்த இடத்தில் நடந்தவை. நீளமான ஒரு வெளியும் இரண்டு வரிசைக் கம்பியும் இருந்தால் அவற்றில் பலதும் நடந்திருக்காது. இதைத் தெரிந்துகொள்ள ஆராய்ச்சி தேவையில்லை. ஒரு நாள் ஒரு அதிகாரி தரவைக்கு வந்து எங்களோடு நின்று பார்த்தால் போதும். இந்தப் பத்து வருடத்தில் விழாவுக்குப் பிரதம விருந்தினராக வந்து மாலை போட்டுக்கொண்டவர்கள் பலர். வேலியை அளந்து பார்த்தவர் ஒருவரும் இல்லை.

சித்திரை வருடப் பிறப்புக்குச் சைக்கிள் ஓட்டமும் மரதனும் பிரதான வீதியிலேயே நடக்கின்றன. ஒரு கடிதம் கொடுத்தால் பொலிஸ் வந்து வாகனத்தை மறித்து வழிவிடுகிறது. நல்ல விசயம், அது அப்படியே நடக்கட்டும். அதே கவனத்தில் பாதி, வீதியே தேவைப்படாத எங்கள் ஓட்டத்துக்கு ஏன் கிடைக்கவில்லை?

இதெல்லாம் ஒரு விளையாட்டுக்காக இவ்வளவு எழுத வேண்டுமா என்று யாராவது நினைக்கலாம். எங்களுக்கு இது வெறும் விளையாட்டு இல்லை. 2009 தொடக்கத்தில், இடம்பெயர்ந்து கிழக்கே போய்க்கொண்டிருந்தபோது, விசுவமடு தாண்டி ஒரு பனங்கூடலில் என் மாமனார் இரண்டு மாட்டின் நாணயக்கயிற்றையும் அறுத்துவிட்டார். கட்டி வைத்தால் செல் விழுந்து செத்துப்போகும், அவிழ்த்துவிட்டால் எங்கேயாவது மேய்ந்து பிழைக்கும் என்றார். அறுத்த கயிற்றை மடிக்குள் வைத்துக்கொண்டு வந்தார். முகாமிலும் அது அவரிடம் இருந்தது. 2010ல் திரும்பி வந்தபோது வீடு இல்லை, கொட்டில் இல்லை, தரவையில் சிவப்பு மண்டையோட்டுப் பலகை. கண்ணிவெடி எடுத்து முடித்து அந்த வெளியைத் திரும்பத் தரும்வரை வருடங்கள் போயின. தந்த பிறகு ஊர் கூடி முதலில் செய்த காரியம் பொங்கல், அடுத்தது சவாரி. நான்கு சோடிதான் ஓடின, அதுவும் இரவல் வண்டிலில். நடக்க ஏலாத கிழவிகளைக்கூட லான்ட்மாஸ்டர் உழவு இயந்திரத்தில் ஏற்றிக்கொண்டு வந்தார்கள். அந்த நாளைக்கு முன்னால் எங்கள் ஊரில் சனம் ஒன்றாகக் கூடியது செத்த வீட்டுக்கு மட்டுந்தான்.

உழவுக்கு இப்போது மாடு இல்லை, டிராக்டர்தான். சவாரியும் போனால், இந்தச் சாதி மாட்டை ஒருவரும் வளர்க்கப் போவதில்லை. நாம்பன் கன்று பிறந்தால் நேரே இறைச்சிக்குப் போகும். இதையும் கால்நடை வைத்தியர்கள் நன்றாக அறிவார்கள்.

ஆகவே நாங்கள் கேட்பவை இவை.

சவாரிக்கு ஒரே ஒரு விண்ணப்பப் படிவம் வையுங்கள். அதை ஒரே ஒரு அலுவலகத்தில் ஏற்றுக்கொள்ளுங்கள், பிரதேச செயலகம் என்றால் பிரதேச செயலகம். பொலிஸ், வைத்தியர், சுகாதாரப் பரிசோதகர் கருத்துகளை அந்த அலுவலகமே கேட்டு எடுக்கட்டும். இருபத்தொரு நாளுக்குள் பதில் வேண்டும், எழுத்தில், காரணத்தோடு. மறுப்பதானால் மறுங்கள். எந்த நிபந்தனை குறைவு, எதைத் திருத்தினால் தருவீர்கள் என்று எழுதி மறுங்கள். ஓட்டத்துக்கு ஓரிரு நாள் இருக்கும்போது தொலைபேசியில் நிறுத்துகிற வழக்கத்தை இத்தோடு விடுங்கள்.

நிபந்தனைகளை நீங்களே எழுதி வெளியிடுங்கள். ஓடுபாதையின் இரண்டு பக்கமும் இரட்டை வேலி, வேலிக்கும் சனத்துக்கும் இடையில் தூரம், எல்லைக் கோட்டுக்கு அப்பால் மாடு ஓடி அடங்க ஒருவரும் நுழைய முடியாத நீளமான வெளி. சிறுபிள்ளைகள் எங்கே நிற்கலாம் என்பது வரை எழுதுங்கள். அம்புலன்ஸ் ஒன்று திடலில் நிற்காமல் முதல் சோடி பூட்டக்கூடாது. ஓட்டுகிறவருக்கும் பார்க்க வருகிறவருக்கும் காப்புறுதி கேட்டால் அதற்கும் சம்மதம், செலவை ஏற்பாட்டாளர் ஏற்கட்டும்.

கால்நடை வைத்தியருக்கு ஓட்டத்தை நிறுத்துகிற அதிகாரத்தைக் கொடுங்கள். சான்றிதழில் கையெழுத்து வைக்கிற வேலையோடு அவரை விட்டுவிடாதீர்கள். தடியின் நுனியை அவர் பார்க்க வேண்டும். சாராய நெடி அடித்தால், மாடு நொண்டினால், கால், வாய் நோய்க்குத் தடுப்பூசி போடவில்லை என்றால் அந்தச் சோடி ஓடாது என்று சொல்ல அவரால் முடிய வேண்டும். நல்ல வெயிலில் ஓட விடாதீர்கள். ஒரே சோடி ஒரு நாளில் எத்தனை தடவை ஓடலாம் என்பதற்கு எல்லை வையுங்கள். ஆணித் தடியோடு பிடிபட்டவனுக்கு அந்த மாவட்டத்தில் எந்தத் திடலிலும் மூன்று வருடம் இடமில்லை என்று எழுதுங்கள். இதற்குச் சவாரிச் சங்கங்கள் ஒத்துக்கொள்ளவில்லை என்றால் அனுமதி கொடுக்க வேண்டாம், நானே சொல்கிறேன்.

வீதிச் சவாரியை முழுதாகத் தடை செய்யுங்கள், தடையைக் காவல் போட்டு நடைமுறைப்படுத்துங்கள். பந்தயப் பணம் கட்டுகிறவர்களையும் பின்னால் மோட்டார் சைக்கிளில் விரட்டுகிறவர்களையும் சேர்த்துப் பிடியுங்கள். மைத்துனர் தண்டம் கட்டினார், அது சரி. அன்று பந்தயம் சேர்த்தவர்களில் ஒருவரும் நீதிமன்றப் படி ஏறவில்லை.

தரவைகளை எழுத்தில் பொதுத் திடலாக ஒதுக்குங்கள். 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கப் பிரதேச சபைகள் சட்டம் உப விதி ஆக்குகிற அதிகாரத்தைச் சபைகளுக்குத் தந்திருக்கிறது. தவிசாளர்களே, 2025 வைகாசி உள்ளூராட்சித் தேர்தலில் எங்கள் வாக்கை வாங்கிக்கொண்டு வந்து இருக்கிறீர்கள். அந்த அதிகாரத்தை இதற்குப் பயன்படுத்துங்கள். கால்நடை வளர்ப்பு மாகாண விடயம். முதலாவது வட மாகாண சபையின் காலம் 2018 ஐப்பசியில் முடிந்தது. மாகாண சபை மறுபடி இயங்கும்போது இதற்கு ஒரு நியதிச்சட்டம், அதாவது சபையே ஆக்குகிற சட்டம், வேண்டும், அதன் வரைவை இப்போதே தயாரித்து வைக்கும்படி மாகாணக் கால்நடைத் திணைக்களத்தையும் கேட்கிறோம்.

இந்த விதிகளை எழுதக் கூடுகிற மேசையில் சவாரிச் சங்கத்து ஆண்களோடு, மாடு பார்க்கிற வீட்டுப் பெண்கள் இரண்டு பேருக்காவது கதிரை போடுங்கள்.

வரும் ஐப்பசி முதல் கிழமை, அடுத்த தைச் சவாரிக்கான விண்ணப்பத்தை எங்கள் ஊர் மறுபடி கொண்டு வரும். தரவையின் அளவு, வேலியின் வரைபடம், ஓடப்போகிற சோடிகளின் பட்டியல், வைத்தியச் சான்றுகள் எல்லாம் அதோடு இருக்கும். கை முறிந்த பெடியனின் தகப்பனும் அந்த விண்ணப்பத்தில் கையெழுத்து வைக்கச் சம்மதித்திருக்கிறார். பதிலைக் கார்த்திகை முடிவதற்குள் எழுத்தில் தாருங்கள்.

இப்படிக்கு,
வன்னியில் சவாரி மாடு வளர்க்கும் ஒரு வீட்டுப் பெண்